மினெட் டி சில்வா: கண்டியில் நான் பார்க்கத் தவறிய கட்டடம்

கண்டிக்குச் சுற்றுலா போகிற எல்லோரும் செய்வதைத்தான் நானும் செய்தேன். காலையில் தலதா மாளிகை, மதியம் ஏரியைச் சுற்றி ஒரு நடை, சாயங்காலம் ஏரிக்கரையில் கண்டி நடனம். மழை தூறிக்கொண்டிருந்தது. டிக்கெட் வாங்கி உள்ளே போய், நல்ல இடமாகப் பார்த்து உட்கார்ந்து, மேளம், ஆட்டம், நெருப்பு எல்லாவற்றையும் போனில் பிடித்துக்கொண்டு வந்தேன். ஊருக்கு வந்து எண்ணிப் பார்த்தால் நாற்பது படம். ஒன்றில்கூட அந்தக் கட்டடம் இல்லை. ஒரே ஒரு படத்தில் ஆட்டக்காரர்களின் தலைக்கு மேலே கூரையின் ஓரம் கொஞ்சம் வெட்டுப்பட்டு நிற்கிறது. அவ்வளவுதான்.

இதை யார் கட்டினார்கள் என்று அப்போது கேட்கத் தோன்றவே இல்லை. இரண்டு வருஷம் கழித்து, இலங்கையின் புகழ்பெற்ற கட்டடக் கலைஞர் ஜெஃப்ரி பாவாவைப் பற்றிக் குறிப்பு எடுத்துக்கொண்டிருந்தபோது, பக்கத்துக்குப் பக்கம் ஒரு பெயர் எட்டிப் பார்த்துவிட்டு மறைந்தது: மினெட் டி சில்வா. பாவாவுக்கு முன்னால் இருந்தவர், பாவாவிடம் போய்ச் சேர்ந்த ஒருவரை முதலில் இலங்கைக்கு அழைத்தவர், இப்படி எப்போதும் இன்னொருவர் கதையில் ஒரு வரியாக. அந்த வரியைப் பிடித்துக்கொண்டு போனதில்தான் தெரிந்தது, நான் உட்கார்ந்து நடனம் பார்த்த அரங்கு அவர் வடிவமைத்தது என்று.

பாவாவைப் பற்றிய பதிவு அப்படியே நிற்கிறது. முதலில் இதை எழுதிவிடலாம் என்று தோன்றியது.

அம்மாவிடமிருந்து தொடங்கணும்

மினெட் 1918 பிப்ரவரி 1 அன்று கண்டியில் பிறந்தார். அப்பா ஜார்ஜ் ஈ. டி சில்வா சிங்கள பௌத்தர், வக்கீல், இலங்கை தேசிய காங்கிரஸின் தலைவர்களில் ஒருவர், பின்னாளில் சுகாதார மந்திரி. அம்மா அக்னஸ் நெல் பறங்கியர் சமூகத்துக் கிறிஸ்தவப் பெண். அந்தக் காலத்தில் இப்படி ஒரு கல்யாணம் எத்தனை பேர் முகத்தைச் சுளிக்க வைத்திருக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

அக்னஸை நாம் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். 1927இல் தொடங்கிய பெண்கள் வாக்குரிமைச் சங்கத்தில் முன்னால் நின்றவர் அவர். அரசியல் சீர்திருத்தம் பற்றி விசாரிக்க லண்டனிலிருந்து டொனமூர் ஆணைக்குழு வந்தபோது, சங்கத்தின் சார்பில் போய்ப் பேசினார். விசாரணையில் ஆணைக்குழுக்காரர்கள் ஒரு கேள்வி கேட்டார்கள்: தேயிலைத் தோட்டங்களில் வேலை செய்கிற இந்தியத் தமிழ்ப் பெண்களுக்கும் ஓட்டு வேண்டும் என்கிறீர்களா? கட்டாயம், அவர்களும் பெண்கள்தானே, எல்லாப் பெண்களுக்கும் வேண்டும் என்பதுதான் அக்னஸ் சொன்ன பதிலின் சாரம். படித்த, வசதியான குடும்பத்துப் பெண்களுக்கு மட்டும் கேட்டிருந்தால் வேலை சுலபமாக முடிந்திருக்கும். அவர் அப்படிக் கேட்கவில்லை.

ஆணைக்குழு முதலில் 30 வயது தாண்டிய பெண்களுக்கு மட்டும் என்றுதான் பரிந்துரைத்தது. 1931இல் நடைமுறைக்கு வந்தபோது ஆண், பெண் இருவருக்கும் 21 வயது என்று ஆனது. மலையகத் தமிழர்களுக்கு அதிலும் வசிப்பிட நிபந்தனைகள் இருந்தன. 1948, 1949இல் வந்த குடியுரிமை, வாக்குரிமைச் சட்டங்கள் பெரும்பாலானவர்களிடமிருந்து கிடைத்ததையும் பிடுங்கிக்கொண்டன. அது தனியாக எழுத வேண்டிய கதை. இங்கே சொல்ல வந்தது இதுதான்: வீட்டுச் சாப்பாட்டு மேசையில் இந்தப் பேச்சைக் கேட்டு வளர்ந்த பெண், நான் கட்டடம் கட்டப் போகிறேன் என்று சொன்னதில் ஆச்சரியம் ஒன்றும் இல்லை.

ஆச்சரியம் என்னன்னா, அதுக்கு முதல்ல மறுப்பு சொன்னவர் அதே வீட்டு அப்பாதான்.

பம்பாய், பெங்களூர், லண்டன்

இலங்கையில் அப்போது கட்டடக் கலை படிக்கப் பள்ளி கிடையாது. அப்பாவைச் சம்மதிக்க வைத்து மினெட் பம்பாய்க்குப் போனார். முதலில் தனியார் வகுப்பு, பிறகு மிஸ்திரி அண்ட் பெட்வார் என்ற நிறுவனத்தில் பயிற்சி. இந்தியாவில் முறையாகப் படித்துத் தேறிய முதல் பெண் ஆர்க்கிடெக்ட் என்று பலரும் குறிப்பிடுகிற பெரின் மிஸ்திரி இருந்த நிறுவனம் அது. அங்கிருந்து ஜே.ஜே. கலைப் பள்ளி.

பள்ளிப் படிப்பு முடியவில்லை. சுதந்திரப் போராட்டம் உச்சத்தில் இருந்த நேரம். காந்தியை விடுவிக்கக் கோரி மாணவர்கள் செய்த போராட்டத்தில் மினெட்டும் கலந்துகொண்டார். மன்னிப்புக் கேட்டால் விட்டுவிடுகிறோம் என்றது நிர்வாகம். கேட்க மாட்டேன் என்றார். வெளியே அனுப்பிவிட்டார்கள். அம்மாவின் மகள்!

அப்புறம் பெங்களூர். ஹிட்லரின் ஜெர்மனியிலிருந்து தப்பி வந்த யூதரான ஆட்டோ கோனிக்ஸ்பெர்கர் அப்போது மைசூர் சமஸ்தானத்தின் தலைமைக் கட்டடக் கலைஞர். அவரிடம் வேலைக்குச் சேர்ந்தார் மினெட். டாட்டாவின் ஜாம்ஷெட்பூர் நகரத்துக்கு கோனிக்ஸ்பெர்கர் திட்டம் போட்ட காலம் அது. வெயிலும் மழையும் கொட்டுகிற நாட்டுக்கு ஐரோப்பியப் பெட்டி வீடு பொருந்தாது, காற்றும் நிழலும்தான் முதல் கணக்கு என்கிற பாடத்தை அவர் அங்கே நேரில் பார்த்திருக்க வேண்டும்.

பம்பாயில் இன்னொரு வேலையும் நடந்தது. மினெட்டும் அவருடைய அக்கா அனிலும் எழுத்தாளர் முல்க் ராஜ் ஆனந்தும் இன்னும் சில நண்பர்களும் சேர்ந்து 1946இல் 'மார்க்' என்ற கலை இதழைத் தொடங்கினார்கள். இந்தியக் கலை வரலாறு படிக்கிற யாரும் அந்த இதழைத் தாண்டிப் போக முடியாது. இன்றும் அது வருகிறது. அதைத் தொடங்கியவர்களில் இரண்டு பேர் கண்டிக்காரப் பெண்கள் என்பது எனக்கு இந்தத் தேடலில்தான் தெரிந்தது.

பிறகு லண்டன், ஆர்க்கிடெக்சுரல் அசோசியேஷன் பள்ளி. 1948இல் பிரிட்டிஷ் கட்டடக் கலைஞர்களின் அரச நிறுவனத்தில் இணை உறுப்பினரானார். அந்த இடத்தை அடைந்த முதல் ஆசியப் பெண். அதற்கு முந்தைய வருஷமே இங்கிலாந்தின் பிரிட்ஜ்வாட்டரில் நடந்த நவீனக் கட்டடக் கலைஞர்களின் சர்வதேச மாநாட்டில் கலந்துகொண்டார். லெ கொர்பூசியே, வால்டர் குரோப்பியஸ் என்று அந்தத் துறையின் பெரிய தலைகள் எல்லாம் இருந்த கூட்டம். கொர்பூசியேவுடன் தொடங்கிய நட்பு, கடிதங்கள் வழியாக அவர் 1965இல் இறக்கும் வரை தொடர்ந்தது.

இணையத்தில் மினெட்டைத் தேடினால் முதலில் வருவது ஒரு புகைப்படம். 1948, போலந்தின் விராட்ஸ்வாவ் நகரில் நடந்த அறிவுஜீவிகள் மாநாடு. பிக்காசோ, சிற்பி ஜோ டேவிட்சன், முல்க் ராஜ் ஆனந்த், நடுவில் சேலை கட்டிய மினெட். அருமையான படம்தான். ஆனால் அந்தப் படம் அவருக்கு நல்லது செய்ததா என்று எனக்குச் சந்தேகம். 'பிக்காசோவுடன் நின்ற பெண்', 'கொர்பூசியேவின் தோழி' என்பதிலேயே கதை நின்றுவிடுகிறது. 2019இல் அவரை வைத்து ஓர் ஆங்கில நாவல் வந்தது. அதுவும் கொர்பூசியேவுடனான உறவைச் சுற்றித்தான் பின்னப்பட்டிருக்கிறது. அவர் கட்டிய வீடுகளுக்கு எப்போது வருவோம்?

சரி, இப்போ வருவோம்.

மலைச்சரிவில் முதல் வீடு

1949இல் மினெட் ஊர் திரும்பினார். சுதந்திரம் கிடைத்து ஒரு வருஷம் ஆன நாடு. வீட்டில் நிலைமை முன்போல இல்லை. அப்பா அரசியலில் தோற்றுப்போயிருந்தார், அடுத்த வருஷமே காலமானார். கண்டியில் பெற்றோர் வீடான 'செயின்ட் ஜார்ஜஸ்'ஸிலேயே அலுவலகம் போட்டார் மினெட். பெயர் 'நவீனக் கட்டடக் கலைக் கூடம்'. வயது 31.

முதல் வேலை, குடும்ப நண்பர்களான கருணாரத்ன தம்பதிக்குக் கண்டியில் ஒரு வீடு. 1949க்கும் 1951க்கும் இடையில் எழுந்தது. இலங்கையில் ஒரு பெண் வடிவமைத்த முதல் வீடு இதுதான் என்கிறார்கள்.

இடம் மலைச்சரிவு. சாதாரணமாக என்ன செய்வார்கள்? சரிவை வெட்டிச் சமதளம் ஆக்கி, மேலே ஒரு பங்களாவை வைப்பார்கள். மினெட் சரிவை அப்படியே விட்டு, வீட்டைத் தளம் தளமாக இறக்கினார். ஓர் அறையிலிருந்து இன்னொன்றுக்குப் போக சில படி ஏறணும், சில படி இறங்கணும். கான்கிரீட், கண்ணாடிக் கட்டி என்று லண்டனில் கற்ற பொருள்கள் ஒருபக்கம். இன்னொரு பக்கம், கண்டிப் பக்கத்து தும்பறை நெசவுக்காரர்களின் பாய்கள் கதவுப் பலகைகளுக்குள் போயின. உள்ளூரில் சுட்ட மண் ஓடுகள் பதிக்கப்பட்டன. வரவேற்பறைச் சுவரில் ஓவியர் ஜார்ஜ் கீட் ஓவியம் தீட்டினார்.

கைவினைப் பொருளை வாங்கி ஷோகேஸில் வைப்பது வேறு, இது வேறு. தும்பறைப் பாயைக் கதவுக்குள் வைத்தால், கதவின் அளவுக்கு நெசவு வர வேண்டும். அடுத்த வீட்டுக்கும் வேண்டும் என்றால் நெசவுக்காரருக்கு அடுத்த மாதமும் வேலை இருக்கும். திருவிழா, சுற்றுலாப் பயணி என்று காத்திருக்க வேண்டியதில்லை. கைத்தொழில் பிழைக்க வேண்டும் என்றால் அது வீட்டுக்குள் ஒரு பாகமாகப் போய்ச் சேர வேண்டும் என்பது மினெட்டின் கணக்கு.

தன் வழிக்கு அவர் வைத்த பெயர் 'நவீன வட்டாரக் கட்டடக் கலை'. நவீன முறைகளை எடுத்துக்கொள்ளணும், ஆனால் மண்ணும் மழையும் வாழ்க்கை முறையும் சொல்வதைக் கேட்டுத்தான் எடுக்கணும். 1950களின் தொடக்கத்திலேயே இதை எழுதிவிட்டார். உலகக் கட்டடக் கலைப் பாடப்புத்தகங்களில் 'விமர்சன வட்டாரவாதம்' என்று ஒரு தலைப்பு வரும். மேற்கத்திய அறிஞர்கள் அந்தச் சொல்லைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தது 1980களின் தொடக்கத்தில். முப்பது வருஷ இடைவெளி. யோசிச்சுப் பாருங்க.

முற்றம், கேள்வித்தாள்

அடுத்து கொழும்பு. 1952க்கும் 1956க்கும் இடையில் ஆல்ஃபிரட் ஹவுஸ் கார்டன்ஸ் பகுதியில் பீரிஸ் குடும்பத்துக்கு ஒரு வீடு. நகரத்து மனை, கண்டிபோல விரிந்த மலை கிடையாது. வீட்டைத் தூண்கள் மேல் தூக்கினார், கொர்பூசியே பாணியில். ஆனால் வீட்டின் உயிர் நடுவில் இருந்த முற்றம். சிங்களத்தில் 'மிதுல' என்பார்கள். நம்மூர்க்காரர்களுக்கு விளக்கவே வேண்டாம். வெளிச்சமும் மழையும் வீட்டுக்குள் வந்து போகிற இடம். பிரிட்டிஷ்காரர்களின் பங்களா மோகத்தில் நகரத்து வீடுகள் மறந்துபோன சங்கதி அது. அதைக் கான்கிரீட் தூண்களோடு சேர்த்து வைத்தார்.

ஆனால் என்னை மிகவும் இழுத்தது இந்தப் பணக்கார வீடுகள் இல்லை. கண்டிக்குப் பக்கத்தில் உள்ள வட்டப்புலுவ குடியிருப்புத் திட்டம். அரசு ஊழியர்களுக்கான வீடுகள், 200க்கும் மேற்பட்டவை, 1958 வாக்கில் முடிந்தன. இங்கே மினெட் செய்த முதல் வேலை படம் வரைவது இல்லை. குடிவரப் போகிறவர்களுக்குக் கேள்வித்தாள் அனுப்பினார். வீட்டில் எத்தனை பேர், எப்படி வாழ்கிறீர்கள், என்ன வேண்டும், எவ்வளவு முடியும் என்று கேட்டு, நேரிலும் கூடிப் பேசி, அதற்கு ஏற்ப சில வகை வீடுகளை வகுத்தார். சிங்களவர், தமிழர், முஸ்லிம், பறங்கியர் என்று பல வகையினரும் குடிவரப் போகிற இடம். சமையலறையிலிருந்து சாமி கும்பிடுவது வரை ஒரு வீட்டின் பழக்கம் இன்னொன்றில் இருக்காது. ஒரே அச்சில் வார்த்துத் தள்ளினால் யாருக்கும் பொருந்தாது.

குடியிருப்பவரைக் கேட்டுக் கட்டுவது என்பதை இன்று தனிப் பாடமாகவே நடத்துகிறார்கள். 1950களில் அரசு ஊழியர் குவார்ட்டர்ஸுக்கு அப்படிக் கேட்டவர்கள் எத்தனை பேர்? நம் ஊரில் இன்றுகூட வீட்டு வசதி வாரிய வீட்டுக்கு யாராவது நம்மிடம் கேள்வித்தாள் கொடுத்திருக்கிறார்களா? எல்லாப் பெண்களுக்கும் ஓட்டு கேட்ட அம்மாவின் பதில்தான் இந்தக் கேள்வித்தாளிலும் எனக்குக் கேட்கிறது. யாருக்காகச் செய்கிறோமோ அவர்களையும் ஒரு வார்த்தை கேட்பது.

அதே 1958இல்தான் இலங்கையில் தமிழர்களுக்கு எதிரான பெரிய கலவரமும் நடந்தது. பல சமூகத்தாரும் பக்கத்துப் பக்கத்தில் வாழ ஒருவர் வீடு கட்டி முடித்த நேரமும் நாடு பிளந்த நேரமும் ஒன்றாக வந்து விழுந்தன.

1958இல் வந்த டென்மார்க்காரர்

அந்த வருஷம் மினெட்டின் தொழில் வாழ்க்கையிலும் ஒரு திருப்பம். டென்மார்க்கிலிருந்து உல்ரிக் பிளெஸ்னர் என்ற இளம் கட்டடக் கலைஞர் அவரிடம் வேலை செய்வதற்காகக் கண்டிக்கு வந்தார். அவரை அழைத்தவர் மினெட். ஆனால் பிளெஸ்னர் கண்டியில் அதிக நாள் நிற்கவில்லை. கொழும்புக்குப் போய் ஜெஃப்ரி பாவாவோடு சேர்ந்துவிட்டார். அடுத்த சில வருஷம் அந்த இருவர் கூட்டணிதான் இலங்கைக் கட்டடக் கலையைப் புரட்டிப் போட்டது.

பாவா 1919இல் பிறந்தவர், மினெட்டைவிட ஒரு வயது இளையவர். கேம்பிரிட்ஜில் ஆங்கிலம் படித்து, வக்கீலாகி, அது பிடிக்காமல் போய், 1948இல் பெந்தோட்டைக்குப் பக்கத்தில் லுனுகங்க என்ற தோட்டத்தை வாங்கி, அதைச் சீர்படுத்தும் ஆசையில் கட்டடக் கலைக்கு வந்தவர். தகுதி பெற்றது 1957இல், 38 வயதில். மினெட் கருணாரத்ன வீட்டை முடித்து ஆறு வருஷம் ஆகியிருந்தது.

இங்கே ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். பாவா மினெட்டின் யோசனைகளைத் திருடினார் என்று நான் சொல்ல வரவில்லை. பாவா பெரிய கலைஞர். 1982இல் திறக்கப்பட்ட கோட்டே பாராளுமன்றக் கட்டடமும், தம்புள்ளைப் பக்கம் பாறையோடு பாறையாக ஒட்டிக்கொண்டிருக்கிற கந்தலம ஹோட்டலும் யாரும் சும்மா செய்துவிடக்கூடியவை இல்லை. எனக்குள் இருந்த கேள்வி வேறு. ஏறக்குறைய ஒரே வயது, ஒரே லண்டன் பள்ளி, ஒரே முற்றம், ஒரே ஓட்டுக் கூரை, ஒரே கைவினை மேல் காதல். அதிலும் மினெட் முன்னால் வந்தவர். அப்படியிருக்க ஒருவர் பெயர் உலகமெங்கும் போனது, இன்னொருவர் பெயர் ஏன் அடிக்குறிப்பானது?

பெண் என்பது ஒரு காரணம், மறுக்க முடியாது. தன்னை ஒரு பெண் என்பதற்காகவே யாரும் பொருட்படுத்தவில்லை என்று மினெட்டே பதிவு செய்திருக்கிறார். ஒப்பந்தக்காரர்கள், அரசு, வியாபாரிகள் எல்லோருக்கும் சந்தேகம். ஆனால் அதோடு நிறுத்திவிட்டால் பாதிதான் புரியும். மீதிப் பாதி ரொம்பச் சாதாரணமான ஒரு சங்கதியில் இருக்கிறது: ஆபீஸ்.

பாவா சேர்ந்த இடம் எட்வர்ட்ஸ், ரீட் அண்ட் பெக். காலனி காலத்திலிருந்து கொழும்பில் வேரூன்றிய நிறுவனம். பெயர்ப் பலகை, வாடிக்கையாளர், வரைவாளர்கள் எல்லாம் தயார். பிளெஸ்னர் போன பிறகு, 1960களின் பிற்பகுதியிலிருந்து பாவாவின் கூட்டாளியாக இருந்தவர் பொறியாளர் கே. பூலோகசுந்தரம் என்ற தமிழர். பாவா கட்டுமான இடத்தில் நின்று மனதை மாற்றிக்கொள்வார், எழுப்பிய சுவரை இடிக்கச் சொல்வார் என்பது பிரசித்தம். அப்படி மாற்றும்போது கணக்குப் போட, கூரை நிற்குமா என்று பார்க்க, வேலையை இழுத்துக்கொண்டு போக ஒரு கூட்டமே பின்னால் இருந்தது.

மினெட்டைப் பற்றியும் அதே மாதிரிப் பேச்சு உண்டு. தாமதம் செய்வார், வாடிக்கையாளரோடு ஒத்துப்போக மாட்டார், நினைத்ததை விடமாட்டார். அவருக்குப் பின்னால் இருந்தது என்ன? கண்டியில் பெற்றோர் வீடு, சில உதவியாளர்கள், அவ்வளவுதான். படமும் அவரே, பேரமும் அவரே, சண்டையும் அவரே. ஒருவரிடம் கலைஞனின் பிடிவாதம் என்று பேசப்பட்டது இன்னொருவரிடம் தொல்லை என்று பேசப்பட்டது. குணத்தில் பெரிய வித்தியாசம் இருந்ததாக எனக்குத் தோன்றவில்லை, தாங்கிப் பிடிக்க ஆள் இருந்ததா என்பதில்தான் வித்தியாசம்.

மறுபடியும் கண்டி

1960களில் வேலைகள் குறைந்தன. பிறகு சில காலம் லண்டன். பானிஸ்டர் ஃபிளெட்சரின் புகழ்பெற்ற கட்டடக் கலை வரலாற்று நூலின் புதிய பதிப்புக்கு ஆசியப் பகுதியை எழுதினார். 1975 முதல் 1979 வரை ஹாங்காங் பல்கலைக்கழகத்தில் ஆசியக் கட்டடக் கலை வரலாறு சொல்லிக்கொடுத்தார். பிறகு மீண்டும் ஊர்.

திரும்பி வந்த பிறகு கிடைத்த பெரிய வேலைதான் நான் நடனம் பார்த்த கட்டடம். கண்டிக் கலைச் சங்கம் 1882இல் தொடங்கியது. அதன் நூற்றாண்டுக்காக ஏரிக்கரையில் ஒரு கலை மையம், 1982க்கும் 1984க்கும் இடையில் எழுந்தது. பாவாவின் பாராளுமன்றம் திறந்த அதே காலம். அங்கே ஏரி நடுவில் ஒரு நாட்டின் அதிகாரம், இங்கே ஏரிக்கரையில் கைவினைஞர்களுக்கும் ஆட்டக்காரர்களுக்கும் ஓடு வேய்ந்த ஒரு கூரை.

1996இல் இலங்கைக் கட்டடக் கலைஞர் நிறுவனம் அவருக்குத் தங்கப் பதக்கம் கொடுத்தது. அப்போது வயது 78. 1998 நவம்பர் 24 அன்று கண்டியில் காலமானார். அதே வருஷம்தான் அவருடைய தன்வரலாற்றின் முதல் பாகமும் வெளிவந்தது. கடிதம், புகைப்படம், வரைபடம், பத்திரிகை நறுக்கு எல்லாவற்றையும் ஒட்டி வைத்த மாதிரியான புத்தகம். முதலில் அதைப் பற்றிப் படித்தபோது, என்ன இது, வீட்டு ஆல்பம் மாதிரி இருக்கிறதே என்றுதான் நினைத்தேன். பிறகுதான் புரிந்தது. அவருடைய ஆபீஸ் ஆவணங்களில் பெரும்பகுதி இன்று இல்லை. அவரைப் பற்றி ஆராய்கிறவர்கள் எல்லோரும் கடைசியில் இந்தப் புத்தகத்துக்குத்தான் வருகிறார்கள். தனக்கென ஓர் ஆவணக் காப்பகம் இருக்காது என்று தெரிந்த ஒருவர், புத்தகத்தையே காப்பகமாக்கிவிட்டுப் போயிருக்கிறார். இரண்டாம் பாகம் வரவே இல்லை.

பாவாவைப் பற்றி 1986இலேயே ஒரு பெரிய நூல் வந்துவிட்டது, 2002இல் முழுத் தொகுப்பும் வந்தது. வரைபடங்களைக் காக்க ஓர் அறக்கட்டளை இருக்கிறது.

இரண்டு வீடுகள்

கடைசியாக ஒரு ஒப்பீடு. இதற்காகத்தான் இவ்வளவும் எழுதினேன் என்றுகூடச் சொல்லலாம்.

பாத்திக் கலைஞர் ஈனா டி சில்வாவுக்குப் பாவா 1960களின் தொடக்கத்தில் கொழும்பில் ஒரு முற்றத்து வீடு கட்டினார். பெயரைப் பார்த்துக் குழம்ப வேண்டாம், இவர் வேறு. பல வருஷம் கழித்து அந்த மனை கைமாறி, வீடு இடிபடும் நிலை வந்தது. அறக்கட்டளை என்ன செய்தது தெரியுமா? வீட்டைக் கல் கல்லாக, ஓடு ஓடாகப் பிரித்து, ஒவ்வொன்றுக்கும் அடையாளம் போட்டு, லாரியில் ஏற்றி, லுனுகங்கவுக்குக் கொண்டுபோய் மறுபடியும் கட்டியது. இன்று அங்கே போய்ப் பார்க்கலாம். படித்தபோது எழுந்து நின்று கைதட்டணும் போல இருந்தது.

மினெட்டின் செயின்ட் ஜார்ஜஸ்? அக்னஸ் வாழ்ந்த வீடு, 1949இல் ஆபீஸ் தொடங்கிய வீடு. நான் பார்த்த படங்களில் செடி கொடி மூடிய இடிபாடு. அவர் கட்டிய வீடுகளில் பலதும் இடிக்கப்பட்டோ, உருமாறியோ போய்விட்டன. ஒரு வீட்டைப் பெயர்த்துக் கொண்டுபோகத் தேவைப்பட்டது மேதைமை இல்லை. பணம், சட்டப்படியான அமைப்பு, பழைய வரைபடம், மனசு வைக்கிற நாலு பேர். ஒருவர் இறந்த பிறகும் அவர் பெயர் நிற்பதும் இப்படித்தான் நடக்கிறது. கட்டடம் தானாக நின்று பேசும் என்று நாம் நினைக்கிறோம். மழை நாட்டில் கூரையை வருஷா வருஷம் ஓடு மாற்றாமல் விட்டால் எந்தக் கட்டடமும் பேசாது.

கொஞ்ச வருஷமாகக் காற்று மாறுகிறது. பல்கலைக்கழகங்களில் மினெட்டைப் பற்றி ஆராய்ச்சி நடக்கிறது, பெரிய அருங்காட்சியகங்களின் தெற்காசியக் கண்காட்சிகளில் அவர் பெயர் வருகிறது. வட்டப்புலுவவில் அவர் கேள்வித்தாளுக்குப் பதில் எழுதியவர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் இருக்கிறார்கள். அந்த வீடுகளைப் பற்றி அவர்களிடம் யாராவது கேட்டு எழுதினால், நான் முதல் ஆளாகப் படிப்பேன்.

நீங்கள் கண்டிக்குப் போனால், நடனம் தொடங்குவதற்குக் கால் மணி நேரம் முன்னால் போங்கள். இருக்கை பிடிப்பது ஒருபக்கம் இருக்கட்டும். ஒருமுறை தலையைத் தூக்கிக் கூரையைப் பாருங்கள், ஒரு படம் எடுங்கள். என்னிடம் இருப்பது ஓரம் வெட்டுப்பட்ட அந்த ஒன்று மட்டும்தான்.